மேடையில் வாழ்ந்த ததேயுஷ் வொம்னிட்ஸ்கியைத் திரையில் எங்கே தேடுவது?

இரவுக்காட்சி கேட்கிறார்:

போலந்துத் திரைப்படங்களை ஆண்டு வரிசைப்படி பார்த்து வரும்போது, ஒரே நடிகர் அடையாளம் தெரியாத அளவுக்கு மாறி மாறி எதிர்ப்படுவதைக் கவனித்தேன். ஆந்த்ரேய் வாய்தாவின் முதல் முழுநீளப் படமான 'ஒரு தலைமுறை'யில் (1955), ஜெர்மானிய ஆக்கிரமிப்பில் இருக்கும் வார்சாவில் தலைமறைவு இயக்கத்தில் சேரும் ஸ்டாக் என்னும் இளம் தொழிலாளியாக அவர் வருகிறார். அதே இயக்குநரின் 'வெகுளி மந்திரவாதிகள்' (1960) படத்தில் தலைமுடிக்கு வெளிர்பொன் சாயம் ஏற்றிக்கொண்டு, பகலில் குத்துச்சண்டை வீரர்களுக்கு மருத்துவம் பார்ப்பவராகவும் இரவில் ஜாஸ் குழுவில் டிரம்ஸ் வாசிப்பவராகவும் திரியும், எதிலும் பற்றில்லாத இளைஞராகிறார். 'பளிங்கு மனிதன்' (1977) படத்தில் அவரே புகழும் வசதியும் பெற்ற திரைப்பட இயக்குநர் பூர்ஸ்கி. இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் 'டெகலாக்' தொலைக்காட்சிப் பட வரிசையின் எட்டாம் பகுதியில், போர்க்காலத்தைப் பற்றி ஒரு சொல்லும் பேச மறுக்கும் முதிய தையற்காரர். இந்த நால்வரும் ததேயுஷ் வொம்னிட்ஸ்கி என்ற ஒருவரே என்பதை நடிகர் பட்டியலைச் சரிபார்த்த பிறகுதான் நம்ப முடிந்தது.

அவரைப் பற்றித் தேடிப் படிக்கும்போது சில கேள்விகள் எழுகின்றன. போலந்து நாட்டவர் அவரைக் கடந்த நூற்றாண்டின் தலைசிறந்த நடிகர்களில் ஒருவராகக் கருதுகின்றனர். ஆனால் வெளிநாட்டுத் திரைப்பட ஆர்வலர்கள் ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கியையும் டேனியல் ஒல்பிரிக்ஸ்கியையும் அறிந்திருக்கும் அளவுக்கு இவரை அறியவில்லை. இதற்கு என்ன காரணம்? இவர் ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியின் மத்தியக் குழுவில் இருந்தவர் என்றும் அறிகிறேன். அப்படிப்பட்டவர், அந்தக் கட்சியின் பொய்ப் பிரச்சாரத்தையே தோலுரிக்கும் 'பளிங்கு மனிதன்' படத்தில் எப்படி நடித்தார்? அவரை முழுமையாக அறிந்துகொள்ள எந்தப் படங்களைப் பார்க்க வேண்டும் என்பதையும் அறிந்தவர்கள் சொல்ல வேண்டுகிறேன்.

---

அரங்கத்தூண் எழுதுகிறார்:

உங்கள் முதல் கேள்விக்கான விடை எளியது. வொம்னிட்ஸ்கி மேடை நடிகர். திரைப்படம் அவருக்குப் பக்கத் தொழில். நாம் பார்ப்பதெல்லாம் அந்தப் பக்கத் தொழிலின் மிச்சங்களைத்தான். இது போலந்து நடிகர்கள் பலருக்கும் பொருந்தும் என்றாலும், இவரளவுக்கு அந்த இடைவெளி பெரிதாக இருப்பவர் வேறு யாரும் இல்லை என்பது என் கருத்து.

அங்கே நடிப்புத் தொழில் எப்படி நடந்தது என்பதைச் சற்று விளக்க வேண்டும். நடிகர் ஒருவர் ஏதேனும் ஓர் அரங்கில் மாதச் சம்பளத்துக்கு நிரந்தரமாக அமர்ந்திருப்பார். அந்த அரங்கு ஒரே பருவத்தில் பல நாடகங்களை மாற்றி மாற்றி நிகழ்த்தும். ஆகவே இந்த வாரம் ஷேக்ஸ்பியரில் நடிப்பவர் அடுத்த வாரம் செகாவிலும் நடிப்பார். காலையில் ஒத்திகை, மாலையில் நாடகம், நடுவே கிடைக்கும் நேரத்தில் படப்பிடிப்பும் வானொலி ஒலிப்பதிவும் என்று நாள் கழியும். அரங்குகளுக்கு ஓய்வுநாளான திங்கட்கிழமை மாலைகளில் தொலைக்காட்சி நாடகம் ஒளிபரப்பாகும்; சிற்றூரில் இருப்பவர்களும் தலைநகரின் பெரிய நடிகர்களைக் கண்டது அதன்வழியேதான். இந்த அமைப்புக்குள் ஒரு நடிகரின் பெயர் நாட்டுக்குள் மலைபோல் வளர்ந்துவிடும். ஆனால் எல்லையைத் தாண்டிச் செல்வது படச்சுருள் மட்டுமே. சிபுல்ஸ்கிக்கு 'சாம்பலும் வைரமும்' (1958) என்ற ஒரே படம் போதுமானதாக இருந்தது; கறுப்புக் கண்ணாடி அணிந்த அந்த முகம் உலகமெங்கும் சென்றது. 1967இல் விரோத்ஸ்வாஃப் ரயில் நிலையத்தில், ஓடத் தொடங்கிய ரயிலில் ஏற முயன்று முப்பத்தொன்பது வயதில் அவர் இறந்ததும் அந்தப் புகழை உறையவைத்தது. வொம்னிட்ஸ்கிக்கு அத்தகைய ஒற்றை முகமே கிடையாது. நால்வரும் ஒருவரே என்று உங்களால் நம்ப முடியவில்லை என்கிறீர்கள் அல்லவா, அவருடைய பெருமையும் அதுதான், வெளியே பெயர் பரவாமல் போனதற்குக் காரணமும் அதுதான்.

அவர் 1927இல் போதாய்ட்சே என்ற ஊரில் பிறந்தார். அன்று போலந்தில் இருந்த அந்த ஊர் இன்று உக்ரைனில் இருக்கிறது. போர் முடிந்த 1945ஆம் ஆண்டிலேயே, பதினெட்டு வயதில், கிராகூவில் நடிப்புப் பயிற்சியையும் மேடை வாழ்க்கையையும் தொடங்கிவிட்டார். பின்னர் வார்சாவில் எர்வின் ஆக்ஸர் நெடுங்காலம் தலைமையேற்று நடத்திய 'தற்கால அரங்கு' அவருடைய வீடானது. ஆக்ஸர் பகட்டை விரும்பாத இயக்குநர்; எழுத்தாளன் எழுதியதை நடிகனின் துல்லியத்தால் விளங்கவைக்க வேண்டும் என்ற கொள்கை உடையவர். இவருடைய கையில்தான் வொம்னிட்ஸ்கி பட்டைதீட்டப்பட்டார்.

அங்கே 1962இல் நிகழ்த்தப்பட்ட பிரெக்டின் 'ஆர்த்துரோ ஊயியின் தடுத்திருக்கக்கூடிய எழுச்சி' நாடகம்தான் அவரைத் தலைமுறையின் முதல்வரிசை நடிகராக நிறுவியது. சிகாகோவின் காலிஃபிளவர் வணிகத்தைக் கைப்பற்றும் ஒரு குண்டர் தலைவனின் கதையாக ஹிட்லரின் எழுச்சியைச் சொல்லும் நாடகம் அது. அதில் ஒரு காட்சி வருகிறது: நடை, நிற்கும் நிலை, அமரும் விதம், பேச்சு ஆகியவற்றைக் கற்றுக்கொள்ள ஊயி ஒரு முதிய நாடக நடிகரை வரவழைக்கிறான், ஷேக்ஸ்பியர் படைத்த ஆண்டனியின் உரையைப் பயிற்சிப் பாடமாகக் கொண்டு, கூனிக் குறுகிக் கிடந்த போக்கிரி கண்முன்னே ஒரு மக்கள் தலைவனாக மாறுகிறான். நடிக்கத் தெரியாதவன் நடிக்கக் கற்றுக்கொள்வதை நடித்துக் காட்டுவதைவிடக் கடினமான வேலை ஒரு நடிகனுக்கு இருக்க முடியாது. வொம்னிட்ஸ்கி உயரம் குறைந்தவர், அழகன் என்று சொல்லத்தக்க முகமும் இல்லாதவர். அந்த உடலைச் சுருக்கியும் விரித்தும் பயன்படுத்தும் கலையில் அவருக்கு நிகர் இல்லை என்று அன்றைய பார்வையாளர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். ஆனால் நமக்குக் கிடைப்பவை புகைப்படங்களும் விமர்சனங்களும் பிறர் நினைவுகளும்தான்.

நாட்டு மக்கள் அனைவருக்கும் அவரைத் தெரியவைத்த பாத்திரம் வேறு. ஹென்ரிக் சியன்கீவிச்சின் வரலாற்று நாவல்களில் வரும் 'சிறிய வீரர்' மிகாவ் வோவோடியோவ்ஸ்கி என்னும் வாள்வீச்சு மன்னனாக, யேர்ஷி ஹோஃப்மன் இயக்கிய 1969ஆம் ஆண்டுப் படத்திலும், அதே ஆண்டில் வந்த தொலைக்காட்சித் தொடரிலும், பிறகு 'பெருவெள்ளம்' (1974) படத்திலும் அவர் நடித்தார். 'பெருவெள்ளம்' படத்தில் கொட்டும் மழையில் சேற்றுக்கு நடுவே ஒல்பிரிக்ஸ்கியோடு அவர் இடும் வாட்போர், போலந்துக் குழந்தைகள்கூட அறிந்த காட்சி. உயரமான இளைஞன் மூச்சிரைக்க வீசும் ஒவ்வொரு வீச்சையும் இந்தக் குள்ள மனிதர் ஏறக்குறைய அலுப்போடு தடுத்துக்கொண்டிருப்பார். அந்த அலுப்பைக் கவனியுங்கள். அது முழுக்க முழுக்க மேடைக்காரரின் நேரக்கணக்கு. படம் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் விருதுப் பரிந்துரையையும் பெற்றது. இருந்தும், சியன்கீவிச்சின் நாவல்களைப் பள்ளிப் பருவத்திலேயே படித்து வளராத வெளிநாட்டவருக்கு அந்தப் பாத்திரத்தின் எடை தெரிய வாய்ப்பில்லை.

---

சாம்பல்நிறம் எழுதுகிறார்:

அரங்கத்தூண் ஐயா மேடையைப் பற்றி எழுதியதில் எனக்கு மாறுபாடு இல்லை. ஆனால் இரண்டாவது கேள்வியை அவர் தொடாமல் விட்டுவிட்டார்; இந்த நடிகரைப் பற்றி எழுதும் பலரும் அப்படித்தான் விட்டுவிடுகிறார்கள்.

வொம்னிட்ஸ்கி 1970 முதல் 1981 வரை வார்சா அரசு நாடகப் பள்ளியின் தலைவராக இருந்தார். எழுபதுகளில் ஆளும் கட்சியின் மத்தியக் குழுவுக்கும் சென்றார். 1976இல் தொழிலாளர் குடியிருப்புகள் நிறைந்த வோலா பகுதியில் அவருக்கென்றே 'வோலா அரங்கு' என்ற புதிய நாடக அரங்கு தொடங்கப்பட்டது. இவை மூன்றையும் தனித்தனியாகப் பார்க்க முடியாது. எழுபதுகளில் கட்சித் தலைவராக இருந்த கியரெக்கின் ஆட்சிக் காலத்தில் ஒரு கலைஞருக்குச் சொந்தமாக அரங்கு கிடைப்பது என்பது திறமைக்கு மட்டும் கிடைத்த பரிசு அல்ல. இதைச் சொல்வதால் அவருடைய கலை குறைந்துவிடாது. மறைப்பதால் கூடிவிடப் போவதும் இல்லை.

அதே சமயம், கிடைத்த அரங்கை அவர் கட்சி விழாக்களுக்கான மேடையாக்கிவிடவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். வாய்தா அங்கே ஸ்பெயின் நாடகாசிரியர் புவேரோ வயேஹோ ஓவியர் கோயாவைப் பற்றி எழுதிய நாடகத்தை இயக்கினார். காது கேளாத முதிய கோயா, தம்மை ஆதரித்த அரசனே தம்மை வேட்டையாடும் நிலைக்கு வந்து சேர்வதை வொம்னிட்ஸ்கி நடித்தார். 1979இல் ததேயுஷ் ரூஷெவிச்சின் 'மண்ணுக்குள்' நாடகத்தை அவரே இயக்கினார். போர்க்காலக் காட்டுப் படையில் எளிய படைவீரன் ஒருவனுக்குத் தன் சொந்தப் படையே மரண தண்டனை விதிப்பதைக் காட்டும் அந்த நாடகம், ஜெர்மானியரை எதிர்த்த தலைமறைவுப் படையான 'உள்நாட்டுப் படை'யில் போரிட்ட முதியோரைக் கொதிப்படையச் செய்தது. அதை எழுதிய ரூஷெவிச்சே அந்தப் படையில் இருந்தவர் என்றபோதும் கண்டனம் அடங்கவில்லை. கட்சிக்கு வேண்டியவர் அரங்கில் இது நிகழ்ந்ததால், விடுதலைப் போராளிகளைக் கொச்சைப்படுத்த அரசு செய்த சூழ்ச்சி என்றே பலர் அதைப் பார்த்தனர். நாடகத்தின் நேர்மையை யாரும் தனியாக எடை போடத் தயாராக இல்லை. அவர் ஏற்றுக்கொண்ட பதவியின் விலை இங்கேதான் தெரிகிறது: அவர் எதைச் செய்தாலும் அதன் பின்னால் யார் இருக்கிறார்கள் என்று தேடும் பழக்கம் பார்வையாளர்களுக்கு வந்துவிட்டது.

இனி 'பளிங்கு மனிதன்'. அதன் திரைக்கதை அறுபதுகளின் தொடக்கத்திலேயே எழுதப்பட்டு, அனுமதி கிடைக்காமல் பத்தாண்டுகளுக்கு மேல் காத்திருந்தது. ஐம்பதுகளில் நோவா ஹூத்தா என்ற புதிய தொழில்நகரம் கட்டப்படும்போது, செங்கல் அடுக்குவதில் சாதனை புரிந்த பிர்கூட் என்னும் கொத்தனாரை ஒரு பிரச்சாரப் படத்தின் நாயகனாக்கியவர் இளம் இயக்குநர் பூர்ஸ்கி. அந்தப் படத்தால் பூர்ஸ்கி உயர்ந்தார், கொத்தனார் வீழ்ந்தார். எழுபதுகளில் ஆக்னியெஷ்கா என்ற மாணவி இந்தக் கதையைத் தோண்ட முயலும்போது, விமானத்தில் வந்திறங்கும் பெரிய மனிதரான பூர்ஸ்கியை மடக்கிப் பேசவைக்கிறாள். இந்தக் காட்சிகளில் வொம்னிட்ஸ்கி குற்ற உணர்ச்சியைக் காட்டுவதே இல்லை. இளமைக் குறும்பை நினைத்துச் சிரிப்பவரைப் போல, சற்றுப் பெருமையோடுகூட, அந்தப் பழைய நாள்களைச் சொல்கிறார். மன்னிப்புக் கேட்கும் முகம் ஒன்றைச் செய்து காட்டுவது எத்தனை எளிது. அதை அவர் மறுத்தது படத்தின் கூர்மையைப் பன்மடங்காக்கியது.

வாய்தாவும் தம்மைத் தப்பவைத்துக்கொள்ளவில்லை. படத்துக்குள் வரும் அந்தப் போலிப் பிரச்சாரப் படத்தின் எழுத்துப் பட்டியலில் உதவி இயக்குநராகத் தம் பெயரையே போட்டிருக்கிறார். 1955இல் 'ஒரு தலைமுறை' எடுத்தவர்களும் இவர்கள்தாமே. ஸ்டாலின் காலச் சட்டகத்துக்குள் எடுக்கப்பட்ட அந்தப் படத்தில் கம்யூனிஸ்ட் இளைஞனாக நடித்தவரை அழைத்து, அந்தக் காலத்தைப் படமெடுத்து முன்னேறியவராக நடிக்கவைத்தது தற்செயல் என்று நான் எண்ணவில்லை. இன்னொன்றும் உண்டு. ஆக்னியெஷ்காவாக அறிமுகமான கிரிஸ்டினா யாண்டா, வொம்னிட்ஸ்கி தலைவராக இருந்த அதே நாடகப் பள்ளியில் படித்து 1975இல் வெளியே வந்தவர். பெரியவரை விடாமல் துரத்திக் கேள்வி கேட்கும் மாணவியையும் அவள் கேள்விக்கு வழுக்கி வழுக்கி விடையளிக்கும் பெரியவரையும் பார்க்கும்போது இதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

எப்படி நடித்தார் என்று கேட்டீர்கள். கட்சியில் இருந்துகொண்டே கட்சியின் பொய்யை அறிந்தவர்கள் அன்று ஏராளம். அவர்களில் ஒருவர் இப்படியொரு பாத்திரத்தை ஏற்பது அறிக்கை வெளியிடாமலேயே ஓர் அறிக்கை. ஆனால் அது மட்டுமே துணிச்சல் என்று சொல்லி அவரை வீரராக்குவதும் எனக்கு உடன்பாடில்லை. பாத்திரத்தை ஏற்ற பிறகும் அவர் பதவிகளில் தொடர்ந்தார்.

முடிவு 1981இல் வந்தது. அரசுக்கு எதிராக எழுந்த சுதந்திரத் தொழிற்சங்கமான சொலிடாரிட்டி இயக்கத்தின் அலை நாடகப் பள்ளிக்குள்ளும் அரங்குகளுக்குள்ளும் புகுந்தபோது பழைய பதவிக்காரர்கள் நிற்க முடியவில்லை. பள்ளியின் தலைமை ஆந்த்ரேய் வாபிட்ஸ்கியிடம் சென்றது. வோலா அரங்கையும் வொம்னிட்ஸ்கி விட்டுச் சென்றார். டிசம்பர் 13 அன்று இராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்ட பிறகு வொம்னிட்ஸ்கி தம் கட்சி உறுப்பினர் அட்டையைத் திருப்பிக் கொடுத்தார். அந்தக் குளிர்காலத்தில் நடிகர்கள் பெரும்பாலோர் அரசுத் தொலைக்காட்சியையும் வானொலியையும் புறக்கணித்தனர். மீறிச் சென்றவர்கள் மேடையேறும்போது அவர்கள் வாய் திறக்க முடியாதபடி பார்வையாளர்கள் இடைவிடாமல் கைதட்டி விரட்டினர். அப்படியொரு காலத்தில், மத்தியக் குழுவில் இருந்தவர் அட்டையைத் திருப்பித் தந்தார் என்பதற்காக மட்டும் யாரும் அவரைத் தோளில் தூக்கிக் கொண்டாடவில்லை. கட்சிக்கு அவர் துரோகி, மறுபக்கத்துக்கு அவர் தாமதமாக வந்தவர்.

---

ரீல்பெட்டி எழுதுகிறார்:

மூன்றாவது கேள்விக்கு நான் விடை தருகிறேன். முன்னிருவரும் சொன்னவற்றைத் திரும்பச் சொல்லாமல், அவர்கள் குறிப்பிடாத படங்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

ஆந்த்ரேய் முங்க்கின் 'எரோயிக்கா' (1958) படத்தின் இரண்டாம் பகுதியிலிருந்து தொடங்குங்கள். ஜெர்மானியர்களின் போர்க்கைதி முகாமில் அடைபட்ட போலந்து அதிகாரிகளுக்கு ஒரே ஆறுதல், தங்களில் சவிஸ்தோவ்ஸ்கி என்பவர் தப்பித்துச் சென்றுவிட்டார் என்ற நம்பிக்கைதான். உண்மையில் அவர் எங்கும் செல்லவில்லை. முகாமின் கூரைக்கடியிலேயே பதுங்கிக் கிடக்கிறார். உண்மை தெரிந்தால் அனைவரின் மனவுறுதியும் குலைந்துவிடும் என்பதால், அறிந்த ஓரிருவர் அவரை அங்கேயே மறைத்து வைத்திருக்கிறார்கள். தம்மைப் பற்றிய கட்டுக்கதைக்குச் சிறைக்கைதியாகிவிட்ட அந்த மனிதரை நடித்தவர் வொம்னிட்ஸ்கி. திரையில் அவர் இருக்கும் நேரம் குறைவு. ஆனால் படம் முழுவதும் அவரைச் சுற்றியே நடக்கிறது.

'வெகுளி மந்திரவாதிகள்' படத்தை நீங்கள் பார்த்துவிட்டீர்கள் என்றாலும் மீண்டும் ஒருமுறை பாருங்கள் என்பேன். எழுத்தாளர் ஆந்த்ரேயெவ்ஸ்கியோடு சேர்ந்து அதன் திரைக்கதையை எழுதியவர் அப்போது இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த யேர்ஷி ஸ்கோலிமோவ்ஸ்கி, இசை கொமேடா, சிறிய வேடத்தில் ரோமன் போலன்ஸ்கியும் வருகிறார். இரவு முழுவதும் ஓர் அறைக்குள் ஓர் ஆணும் பெண்ணும் பேசிக்கொண்டே ஒருவரையொருவர் ஏமாற்றும் அந்த நீண்ட பகுதியில், சாயமேற்றிய தலையும் அலட்சியப் பேச்சும் மருத்துவர் அணிந்திருக்கும் கவசம் என்பதை அவர் சிறிது சிறிதாகத்தான் வெளிவிடுகிறார். என்னைக் கேட்டால், திரையில் அவருடைய மிகச் சிறந்த வேலை இதுதான். வாட்போரெல்லாம் இதற்குப் பின்னால்தான்.

ஸ்கோலிமோவ்ஸ்கி பின்னர் தாமே இயக்கிய 'கைகளை உயர்த்து' படத்திலும் வொம்னிட்ஸ்கி நடித்தார். 1967இல் எடுக்கப்பட்ட அந்தப் படம், நான்கு கண்களோடு அமைந்துவிட்ட ஸ்டாலின் உருவப்படக் காட்சியால் தடைசெய்யப்பட்டு, 1981 வரை வெளிவரவில்லை. ஸனூசியின் 'ஒப்பந்தம்' (1980) படத்தில் மகனின் திருமணத்தைப் பெரிய விருந்தாக நடத்தத் திட்டமிடும் வசதியான மருத்துவர். மணமகள் திருமணச் சடங்கின் நடுவிலேயே ஓடிவிட, விருந்து மட்டும் நடக்கிறது.

இவற்றுக்கெல்லாம் மேலாக நான் வலியுறுத்த விரும்புவது கீஸ்லோவ்ஸ்கியின் 'குருட்டு வாய்ப்பு'. ரயிலைப் பிடித்தானா இல்லையா என்பதைப் பொறுத்து விடெக் என்ற இளைஞனின் வாழ்க்கை மூன்று விதமாகப் பிரியும் கதை அது. முதல் வாழ்க்கையில் அவன் சந்திக்கும் முதிய கம்யூனிஸ்ட் வெர்னராக வொம்னிட்ஸ்கி வருகிறார். சொந்தக் கட்சியின் ஆட்சியிலேயே சிறைப்பட்டும் நம்பிக்கையை முழுவதும் இழக்காத அந்த மனிதரின் பேச்சில் மயங்கித்தான் விடெக் கட்சியில் சேர்கிறான். வெர்னரை வேடிக்கைப் பொருளாக்காமல், கேட்பவருக்கும் மயக்கம் தரும் அளவுக்கு அவர் பேசுகிறார். 1981இல் எடுத்து முடிக்கப்பட்டு 1987 வரை முடங்கிக் கிடந்த படம் இது. சாம்பல்நிறம் மேலே எழுதியதைப் படித்த பிறகு இதைப் பார்த்தால், அந்தப் பேச்சு வேறு விதமாகக் காதில் விழும்.

---

இரவுக்காட்சி எழுதுகிறார்:

மூவருக்கும் நன்றி. 'டெகலாக்' எட்டாம் பகுதியின் தையற்காரரை இப்போது வேறு கண்ணோடு பார்க்கத் தோன்றுகிறது. போர்க்காலத்தில் காட்டிக்கொடுப்பவர் என்று பொய்யாகச் சந்தேகிக்கப்பட்டு, தலைமறைவு இயக்கத்தின் கையால் சாகவிருந்து பிழைத்தவர் அவர். தம்மைத் தேடி வந்த பெண்ணிடம் துணியைப் பற்றியும் தைப்பதைப் பற்றியும் மட்டுமே பேசுவேன் என்கிறார். அதில் அவர் திரையில் இருப்பது சில நிமிடங்கள்தான் என்றாலும், எனக்கு அந்தப் பகுதியில் மறக்காமல் நிற்பது அவர்தான்.

இன்னொரு ஐயம். 'லியர் மன்னன்' ஒத்திகையில் மேடையிலேயே அவர் இறந்ததாகப் பல இடங்களில் படிக்கிறேன். இது உண்மையா, நடிகர்களைப் பற்றி வழக்கமாகப் பரவும் கதைகளில் ஒன்றா?

---

அரங்கத்தூண் எழுதுகிறார்:

உண்மைதான். 1992 பிப்ரவரி 22 அன்று, போஸ்னான் நகரின் 'புதிய அரங்கில்' யூஜெனியூஷ் கொரின் இயக்கத்தில் 'லியர் மன்னன்' ஒத்திகை நடந்துகொண்டிருந்தபோது மாரடைப்பால் சரிந்து இறந்தார். அப்போது அவருக்கு வயது அறுபத்து நான்கு. முதல் நிகழ்வுக்குச் சில நாள்களே இருந்தன. நான்காம் அங்கத்தில், பித்தம் தலைக்கேறிய லியர், இன்னும் உயிர் மிச்சமிருக்கிறது, வேண்டுமென்றால் ஓடித்தான் பிடிக்க வேண்டும் என்று சொல்லிவிட்டு ஓடும் இடம் உங்களுக்கு நினைவிருக்கும். அவர் கடைசியாகப் பேசியது அந்த வரிகளைத்தான் என்று சொல்லப்படுகிறது.

ஆனால் அந்த மரணத்தின் நாடகத்தன்மையைவிட, அதற்கு முந்தைய ஏழெட்டு ஆண்டுகளில் அவர் தேர்ந்தெடுத்த பாத்திரங்களே எனக்கு முக்கியமாகப் படுகின்றன. 1981இலேயே இதற்கு ஒரு முன்னோட்டம் இருந்தது. பாரிஸில் வாழ்ந்துகொண்டிருந்த போலன்ஸ்கி வார்சாவுக்கு வந்து வோலா அரங்கில் பீட்டர் ஷாஃபரின் 'அமாதேயஸ்' நாடகத்தை இயக்கி, தாமே மொசார்ட்டாகவும் நடித்தார். வொம்னிட்ஸ்கி ஏற்றது சாலியெரியை. அரசவையில் எல்லாப் பதவிகளையும் பெற்றும், தமக்கு மறுக்கப்பட்டது எது என்பதை மற்ற எவரையும்விடத் துல்லியமாக அறிந்தவர் சாலியெரி. நாடகம் முழுவதும் அவர் பார்வையாளர்களிடம்தான் வாக்குமூலம் கொடுக்கிறார். பதவிகள் எல்லாம் கைநழுவிக்கொண்டிருந்த அந்த ஆண்டில் ஒரு பள்ளித் தலைவர், ஓர் அரங்கின் தலைவர், மத்தியக் குழுவில் இருந்தவர் அந்த வேடத்தில் நின்றதை வார்சாப் பார்வையாளர்கள் எப்படிக் கேட்டிருப்பார்கள் என்று எண்ணிப் பாருங்கள்.

பதவிகள் போன பிறகு, அரங்கில்லாத நடிகராக, பல மேடைகளில் அவர் நடித்தார். 1985இல் ஸ்டூடியோ அரங்கில் பெக்கெட்டின் 'கிராப்பின் கடைசி ஒலிநாடா'. அதை இயக்கியவர் பெக்கெட்டைப் போலந்து மொழிக்குக் கொண்டுவந்த அந்தோனி லிபெரா. அறுபத்தொன்பது வயது மனிதன் ஒருவன் தன் முப்பத்தொன்பதாம் வயதுக் குரலை ஒலிநாடாவில் கேட்டு எள்ளி நகையாடும் நாடகம் அது. இளமையின் நம்பிக்கைகளைத் திரும்பிப் பார்க்க வேண்டியிருந்த எவருக்கும் இதைவிடக் கொடிய தேர்வு இல்லை. அதன் பின்னர் டாங்க்ரெட் டோர்ஸ்டின் 'நான், ஃபாயர்பாக்': ஆண்டுக்கணக்கில் மேடையைப் பிரிந்திருந்த நடிகர் மீண்டும் வேடம் கேட்டு வந்து, இயக்குநர் வராததால் அவருடைய இளம் உதவியாளன் முன்னால் தம்மை நிரூபிக்கப் படும் பாடு அது. 1990இல் பழைய ஆசான் ஆக்ஸரிடமே திரும்பிச் சென்று தாமஸ் பெர்ன்ஹார்டின் 'நாடகக்காரன்' நாடகத்தில் புரூஸ்கோன் ஆனார். உலக வரலாற்றையே மேடையேற்றும் நாடகத்தை எழுதிவிட்டதாக நம்பிக்கொண்டு, மனைவி மக்களை ஆட்டிப் படைத்தபடி ஊட்ஸ்பாக் என்ற ஒன்றுமில்லாத கிராமத்துக்கு வந்து சேரும் சர்வாதிகார நடிகன் புரூஸ்கோன். அந்த நாடகம் தொடங்கும் முன்பே இடி மழை வந்து கூட்டம் கலைந்துவிடும். அதற்கு அடுத்து லியர், அரசைப் பிரித்துக் கொடுத்துவிட்டு, தான் யார் என்று வழியில் வருவோரிடமெல்லாம் கேட்கும் கிழவன்.

சாம்பல்நிறம் அவரை அரசியலில் தாமதமாக வந்தவர் என்கிறார், மறுக்கவில்லை. ஆனால் தம்மைப் பற்றி விளக்கவுரை எழுதித் தற்காத்துக்கொள்வதற்குப் பதிலாக, அதிகாரத்தையும் மேடையையும் இழந்த முதியவர்களை அடுத்தடுத்து நடித்தவர் தம் கணக்கை எங்கே தீர்த்துக்கொண்டார் என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

---

சாம்பல்நிறம் எழுதுகிறார்:

அந்தக் கடைசிப் பத்தியில் மட்டும் எனக்குத் தயக்கம் உண்டு. அறுபதை நெருங்கும் பெரிய நடிகர்கள் எல்லா நாடுகளிலும் கிராப்பையும் லியரையும் தேடித்தான் செல்கிறார்கள். அவர்கள் எல்லோரும் மத்தியக் குழுவில் இருந்தவர்கள் அல்லர். வாழ்க்கை வரலாறு தெரிந்த பிறகு நாம் பாத்திரங்களில் வாக்குமூலங்களைக் கேட்கத் தொடங்கிவிடுகிறோம். லியரின் அந்த வரிகளும் மரணமும் ஒன்றாகச் சேர்வதால் வரும் ஈர்ப்பு, பிறவற்றையும் அதே ஒழுங்கில் அடுக்கச் சொல்கிறது. பூர்ஸ்கியைப் பற்றி நான் எழுதியதற்கும் இது பொருந்தும் என்று நீங்கள் சொல்லலாம். ஆனால் அங்கே வாய்தா அந்த இணைப்பை வேண்டுமென்றே வைத்திருக்கிறார் என்பதற்குப் படத்துக்குள்ளேயே சான்று இருக்கிறது. கிராப்புக்கு அப்படி எதுவும் இல்லை.

---

அரங்கத்தூண் எழுதுகிறார்:

ஃபாயர்பாக்கையும் புரூஸ்கோனையும் எல்லோரும் தேடிச் செல்வதில்லை. அந்த இரண்டையும் அடுத்தடுத்து ஏற்றவரை வேறு எங்கும் நான் கண்டதில்லை. மற்றபடி நீங்கள் சொல்வதை ஏற்கிறேன்.

---

ரீல்பெட்டி எழுதுகிறார்:

இரவுக்காட்சி அவர்களுக்கு ஒரு நடைமுறைக் குறிப்பு. இணையத்தில் வொம்னிட்ஸ்கி என்று தேடும்போது யான் வொம்னிட்ஸ்கி என்ற பெயரும் வரும். அவர் ததேயுஷின் தம்பி, திரைப்பட இயக்குநர். ஆக்கிரமிப்புக் கால வார்சாவில் சாரணர் படையினர் தங்கள் தோழரை ஜெர்மானியர்களிடமிருந்து மீட்ட நிகழ்வைப் பற்றிய 'ஆயுதச்சாலை நடவடிக்கை' படமும், 'வீடு' என்ற நெடிய தொலைக்காட்சித் தொடரும் அவருடையவை. போஸ்னானின் 'புதிய அரங்கு' இப்போது ததேயுஷ் வொம்னிட்ஸ்கி பெயரைத் தாங்கியிருக்கிறது. வார்சாவின் வோலா அரங்குக்கும் அவர் பெயர் சூட்டப்பட்டது. ஆகவே வெறும் பெயரைக் கொண்டு தேடினால் அரங்குகளின் நிகழ்ச்சி அறிவிப்புகளே குவியும். படத்தின் பெயரையும் சேர்த்தே தேடுங்கள்.